கஞ்சி போகாத பீடத்துணி

மொந்தெர்பா கோயில் சுவரில் பதிப்பதற்காக ஊராட்சி செய்யச் சொன்ன கல்லில் ஆறு பேருடைய பெயர்கள் வெட்டப்பட்டிருந்தன. ஜெர்மன்காரர்கள் வட இத்தாலியில் எங்கள் பக்கத்தைப் பிடித்திருந்த காலத்தில் பங்குசாமி தொன் எர்மேத்தே பதினோரு யூதர்களை ஒளித்து வைத்தார். அவருக்குத் துணை நின்றவர்கள் அந்த ஆறு பேர். இரண்டாவது பெயர் டெல்ஃபினாவுடையது. கல் தயாராகி, திறப்பு விழாவுக்குப் பத்து நாள் இருக்கும்போது, டெல்ஃபினா ஊராட்சி அலுவலகத்துக்குப் போய்த் தன் பெயரை எடுத்துவிடச் சொன்னாள்.

"ஏம்மா, என்ன குறை?" என்று கேட்டார் மேயர்.

"குறை ஒண்ணுமில்ல. எடுத்துடுங்க."

"கல்லுல வெட்டினதை எப்படிம்மா எடுக்கறது? சிலேட்டுப் பலகையா, எச்சி தொட்டு அழிக்க?"

அடக்கத்தினால் சொல்கிறாள் என்று ஊர் முடிவு கட்டியது. ரொட்டிக்கடை வரிசையில் அவளை முன்னால் விட்டார்கள். அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. ரொட்டி வாங்காமலே நேராக என்னிடம் வந்தாள். ஒன்பது வருஷம் எங்கெங்கோ அலைந்துவிட்டு அந்தக் குளிர்காலத்தில்தான் நான் ஊர் திரும்பியிருந்தேன்.

"நீ எப்படியும் மறுபடி கிளம்பிடுவே. உன் மூஞ்சியை நான் தினம் பாக்க வேண்டியிருக்காது. அதனால உன்கிட்ட முதல்ல சொல்லிப் பாக்கறேன். வாய் வருதான்னு தெரியணும்."

வாய் வந்தது. யோனாவைக் காட்டிக் கொடுத்தது வண்டிக்கார பிரீமோ இல்லை, தான்தான் என்றாள்.

பதினோரு பேரில் பத்துப் பேர் பிழைத்தார்கள். பிழைக்காத ஒருவர் யோனா. அவரைக் காட்டிக் கொடுத்தவன் பிரீமோ என்பது எங்கள் ஊரில் மலை இருப்பதைப்போல எல்லாருக்கும் தெரிந்த விஷயம். இருபது வருஷமாக மதுக்கடையில் அவன் உட்கார்ந்த மேசையில் வேறு யாரும் உட்கார்ந்ததில்லை. எங்கள் வீட்டுத் திராட்சையை ஏற்ற அப்பா பக்கத்து ஊரிலிருந்து வண்டி வரவழைப்பார், இரண்டு பங்கு கூலி கொடுத்து.

என்னிடம் வந்தபோது டெல்ஃபினாவுக்கு அறுபத்தொரு வயது. இருபத்தாறு வயதில் விதவையானவள். கல்யாணமான மூன்றாம் வருஷம் பிரான்சுக்குச் சுரங்க வேலைக்குப் போன கணவன் அங்கேயே புதைக்கப்பட்டான். பிள்ளை இல்லை. அடுத்த வருஷமே கோயில் துணிகளைத் துவைக்கும் பொறுப்பை ஏற்றுக்கொண்டாள். கூலி கிடையாது. கூலி கொடுத்திருந்தால் வாங்கியிருக்கவும் மாட்டாள். ஊரில் வேறு யாரும் தொட முடியாத துணியைத் தொடுகிறவள் என்பதே அவளுக்குப் போதுமாக இருந்தது. திங்கட்கிழமை துவைதுறைக்கு அவள் கூடையோடு வரும்போது மற்றப் பெண்கள் தண்ணீர் விழும் வாய்க்குப் பக்கத்துக் கல்லை அவளுக்கு விட்டுவிடுவார்கள். அவளும் அது தனக்குரியது என்பதுபோல் போய் மண்டியிடுவாள்.

அந்தத் துணிகளுக்கு ஒரு முறை உண்டு. பூசையில் அப்பம் வைக்கிற பீடத்துணியையும், திராட்சை இரசம் குடித்த பாத்திரத்தைத் துடைக்கிற சிறு துணியையும் முதல் தண்ணீரில் அலச வேண்டியவர் குருவானவர்தான். அப்பத்தின் துகள் ஒன்று அதில் ஒட்டியிருக்கலாம். அலசிய தண்ணீரை மிதிபடாத இடத்தில் ஊற்றிவிட வேண்டும். அதற்குப் பிறகுதான் பெண்பிள்ளை கை படலாம். தொன் எர்மேத்தே ஒரு வாரமும் இதைத் தவறவிட்டதில்லை. அவர் கொடுக்கும் பீடத்துணி எப்போதும் தொளதொளவென்று, கஞ்சி முழுக்கப் போனதாக இருக்கும். டெல்ஃபினா அதைச் சாம்பல் தண்ணீரில் வேகவைத்து, அடித்து, வெளுத்து, நொய்யரிசிக் கஞ்சி போட்டுத் தேய்த்து, மூன்றாக மடித்துத் திருப்பிக் கொடுப்பாள். ரேஷனில் அரிசி அளந்து வந்த அந்த வருஷங்களிலும் தன் வாய்க்கு இல்லாவிட்டாலும் பீடத்துணிக்கு ஒரு பிடி எடுத்து வைத்துவிடுவாள். "அட்டை மாதிரி நிக்கும்" என்று என்னிடம் சொன்னபோதுகூட அவள் குரலில் அந்தப் பெருமை எட்டிப் பார்த்தது. உடனே வாயை மூடிக்கொண்டாள்.

நாற்பத்து மூன்று டிசம்பரில் பங்கு வீட்டுக்கு ஒரு புதுச் சாமி வந்தார். பெயர் தொன் ஔரேலியோ. தூரினில் குண்டு விழுந்து அவருடைய கோயில் இடிந்துபோனதாகவும், நெஞ்சு பலவீனம் என்பதால் மலைக்காற்றுக்கு அனுப்பியிருப்பதாகவும் தொன் எர்மேத்தே பூசையில் அறிவித்தார். குரல் கிடையாது, ஆகவே பின்னறைச் சிறு பீடத்தில் கதவைச் சாத்திக்கொண்டு தனியாகப் பூசை வைப்பார். ஒல்லியான, மூக்குக் கண்ணாடி போட்ட மனிதர். வழியில் யாரைக் கண்டாலும் முதலில் தொப்பியை எடுப்பவர் அவர். லத்தீன் நன்றாகத் தெரியும். தெரியாமல் எப்படி? பதினான்கு வருஷம் பள்ளிக்கூடத்தில் லத்தீன் சொல்லிக் கொடுத்த வாத்தியார் டொனாட்டோ யோனா அவர்.

டெல்ஃபினாவுக்கு இது எதுவும் தெரியாது. பங்கு வீட்டு மாடியில் ஒரு குடும்பம் இருந்ததும், கன்னியர் மடத்தில் புதிதாகச் சேர்ந்த அநாதைகள் அநாதைகள் அல்ல என்பதும் தெரியாது. அவள் கண்ணில் பட்டது ஒன்றே ஒன்றுதான். சாமியார்கள் இரண்டு பேர், துணியோ ஒரு ஆளுக்குத்தான் வருகிறது.

"சாமி, சின்னச் சாமியோட பீடத்துணி எங்க?"

"அவரே துவைச்சுக்கறார், டெல்ஃபினா."

"அவரா? கஞ்சி யார் போடறா? மடத்துக்குக் கொடுத்து அனுப்பறீங்களா? என் கையில என்ன குறை கண்டீங்க, சொல்லிடுங்க."

"குறையெல்லாம் இல்லம்மா..."

"பன்னெண்டு வருஷத்துக்கு மேல துவைக்கறேன். இப்ப மடத்துக்காரிங்க கை சுத்தமாயிடுச்சாக்கும்."

இப்படி மூன்று வாரம் அவரை அரித்தாள். நான்காம் வாரம் தொன் எர்மேத்தே தோற்றுப்போய், இரண்டாவது கட்டு ஒன்றையும் கூடையில் வைத்தார். வீட்டுக்குக் கொண்டுபோய்ப் பிரித்தவள் திடுக்கிட்டாள். பீடத்துணி கசங்கியிருந்தது, ஆனால் கஞ்சி அப்படியே இருந்தது. தண்ணீரே படவில்லை. அலசாத துணியை, துகள் ஒட்டியிருக்கக்கூடிய துணியை, தன் கையால் பிரித்துவிட்டோமே என்று சிலுவை போட்டுக்கொண்டாள். பாத்திரம் துடைக்கும் துணிகள் ஏழும் வெள்ளை வெளேரென்று இருந்தன. இரசக் கறை ஒரு சொட்டு இல்லை.

"நீங்க என்ன நினைச்சீங்க அப்போ?" என்று கேட்டேன்.

"என்ன நினைப்பேன்? பட்டணத்துச் சாமி, சோம்பேறி, பயபக்தி இல்லாதவர்னு நினைச்சேன். அவர் சாமியாரே இல்லன்னு மட்டும் எனக்குத் தோணல. அது எனக்குத் தோணியிருக்கணும்."

அடுத்த திங்கட்கிழமை துவைதுறையில் எட்டுப் பத்துப் பெண்கள். தண்ணீர் உறையும் குளிர். உப்பும் புகையிலையும் விற்கும் கடைக்காரி ஒலிம்பியாவும் இருந்தாள். அவளுடைய அண்ணன் ஜெர்மன்காரர்களோடு சேர்ந்த பாசிஸ்டுகளின் கறுப்புச் சட்டைப் படையில் சார்ஜெண்ட். அது எல்லாருக்கும் தெரியும். அவள் முன்னால் யாரும் கள்ளச் சந்தை மாவு பற்றியோ ஜெர்மன்காரர்களை எதிர்த்து மலையில் ஒளிந்திருக்கும் பையன்களைப் பற்றியோ பேசமாட்டார்கள். ஆனால் கோயில் துணியைப் பற்றிப் பேசக்கூடாது என்று யாருக்குத் தோன்றும்?

"என்னக்கா, கூடை இன்னைக்கு ரொம்பிக் கிடக்கு?" என்று யாரோ கேட்டார்கள்.

"ரொம்பித்தான் கிடக்கு. சின்னச் சாமி பீடத்துணியை அலசாமலே கொடுத்துட்டார். என் தலையில பாவத்தைக் கட்டறார்."

"குளிரு தாயி. சாமிக்கு விரல் விறைச்சுப் போகாதா?"

"மெத்துனு கை. ஏர் பிடிச்ச கையா அது?"

"கதவைச் சாத்திக்கிட்டு பூசை வைக்கறாராமே," என்றாள் ஒலிம்பியா. "உள்ள படுத்துத் தூங்கறாரோ என்னமோ!"

எல்லாரும் சிரித்தார்கள். டெல்ஃபினாவும் சிரித்தாள். அப்போது அவள் ஏழு துணியையும் சீட்டுக்கட்டைப்போல விரித்துப் பிடித்து, "தூக்கந்தான்! ஒரு வாரப் பூசை இது. பாருங்கடி, ஒயின் கறை எங்கேயாவது இருக்கா? நம்ம சாமியாவது ஒரு மொடக்கு குடிப்பார். இவர் பூசையே வைக்கறதில்ல!" என்றாள்.

துவைதுறை முழுக்கச் சிரிப்பு. யாரோ சோப்புத் தண்ணீரைத் தெளித்தார்கள். தன்னுடைய பேச்சுக்கு அத்தனை பேர் சிரித்தது அவளுக்கு அன்று முழுவதும் இனித்தது.

வெள்ளிக்கிழமை காலை அவள் தேய்த்த துணிகளோடு கோயில் பின்னறைக்குப் போனபோது ஒலிம்பியாவின் அண்ணனும், அவனுடைய ஆட்கள் மூன்று பேரும், ஒரு ஜெர்மன் அதிகாரியும் அங்கே நின்றார்கள். தொன் எர்மேத்தே சுவரோரம். மேசைக்கு அந்தப் பக்கம் யோனா. அவருடைய காகிதங்கள் சரியாக இருந்தன. அதிகாரி போகலாமா என்பதுபோல் கையுறையை மாட்டிக்கொண்டிருந்தான். சார்ஜெண்ட் சின்ன வயசில் பூசைக்கு உதவி செய்தவன். டெல்ஃபினாவின் கையிலிருந்த கூடையிலிருந்து ஒரு பீடத்துணியை எடுத்து உதறினான்.

"பூசை முடிஞ்சதும் இதை என்ன பண்ணுவீங்க சாமி?"

யோனா யோசிக்கவில்லை. கேள்வி சுலபமாக இருக்கிறதே என்று அவர் முகம் கொஞ்சம் தெளிந்ததாம்.

"இந்த அம்மாகிட்ட கொடுப்பேன். நல்லாத் துவைப்பாங்க," என்று சொல்லி, டெல்ஃபினாவைப் பார்த்து லேசாகத் தலை சாய்த்தார்.

அவர் வாயிலிருந்து அது வெளிவந்த கணத்தில் அவளுக்கு எல்லாம் புரிந்துவிட்டது. அவர் யாரென்று புரிந்தது. அந்தக் கேள்வி துவைதுறையிலிருந்து வந்தது என்றும் புரிந்தது. தொன் எர்மேத்தே கண்ணை மூடிக்கொண்டார். சார்ஜெண்ட் மட்டும் சிரித்தான்.

யோனா கீழே பட்டணத்துச் சிறைக்கும், அங்கிருந்து ஃபொஸ்ஸோலி முகாமுக்கும், அங்கிருந்து ரயிலில் வடக்கேயும் போனார். திரும்பவில்லை. யோனா போலிக் கடிதத்தைக் காட்டித் தன்னை ஏமாற்றிவிட்டார் என்று சாதித்த தொன் எர்மேத்தேயை அடித்து, பதினேழு நாள் வைத்திருந்து, ஆயர் தலையிட்டதால் விட்டார்கள். மற்றவர்களை அதற்குள் மடத்துச் சகோதரிகள் இடம் மாற்றியிருந்தார்கள். அந்த வாரத்திலிருந்து விடுதலை நாள் வரை பதினைந்து மாதம் டெல்ஃபினா அந்தப் பத்துப் பேருக்கும் துவைத்தாள், சோளக்களி கிண்டிப் பீடத்துணிகளுக்கு அடியில் வைத்துச் சுமந்தாள். கல்லில் பெயர் ஏறியது அதற்காகத்தான். அது பொய்யில்லை.

பிரீமோவின் கதை இதுதான். அதே வாரம் புதன்கிழமை அவனைக் கறுப்புச் சட்டைக்காரர்களோடு மதுக்கடையில் பார்த்தார்கள். தோளில் கைபோட்டுப் பாடினானாம். அவர்கள் பிடுங்கிப்போன கோவேறு கழுதையைத் திரும்ப வாங்குவதற்காக ஒரு பீப்பாய் டோல்செட்டோ ஒயினை ஊற்றிக் குடிக்க வைத்துக்கொண்டிருந்தான். வெள்ளிக்கிழமை யோனாவைப் பிடித்தார்கள். சனிக்கிழமை பிரீமோவின் கழுதை வீட்டுக்கு வந்தது. ஊர் இரண்டையும் சேர்த்துப் பார்த்தது. ஒலிம்பியா தன் கடையில் வருகிறவர்களிடமெல்லாம் அதை உறுதிப்படுத்தினாள்.

விடுதலையன்று மலையிலிருந்து இறங்கிய பையன்கள் பிரீமோவைச் சதுக்கத்துச் சுவரில் நிறுத்தினார்கள். தொன் எர்மேத்தே அங்கியோடு ஓடிவந்து துப்பாக்கிகளுக்கு முன்னால் நின்றார். "இவனை மன்னிச்சு விட்டுடுங்க," என்றார். சுடாமல் விட்டார்கள். எங்கள் ஊரில் தொன் எர்மேத்தேயின் பெருமையைச் சொல்கிற எல்லாரும் அந்தக் காட்சியில்தான் முடிப்பார்கள். பள்ளிக்கூடத்தில் எங்களை அதைப் பற்றிக் கட்டுரை எழுத வைத்தார்கள். நானும் எழுதினேன்.

டெல்ஃபினா அன்று கூட்டத்தில்தான் நின்றாள். வாயைத் திறக்கவில்லை. ஈஸ்டருக்கு முன்னால் பாவசங்கீர்த்தனம் செய்ய மட்டும் பதினொரு கிலோமீட்டர் நடந்து வேறு பங்குக்குப் போவாள். அந்தச் சாமி, தெரியாமல் சொன்னது பாவமாகாது என்று மூன்று மங்கள வார்த்தை ஜெபம் சொல்லச் சொன்னார். பிரீமோவைப் பற்றி அவரிடமும் சொல்லவில்லை. "அதைச் சொல்லியிருந்தா ஊருக்குப் போய் உண்மையைச் சொல்லும்பார். அதான் சொல்லல."

என்னிடம் சொன்ன மறுநாள் காலை பங்கு வீட்டுக்குப் போனாள். தொன் எர்மேத்தேக்கு எண்பது நெருங்கிவிட்டது. சமையலறையில் போர்வை போர்த்தி உட்கார்ந்து கஷ்கொட்டை உரித்துக்கொண்டிருந்தார். அவள் நின்றுகொண்டே சொன்னாள். அவர் உரிப்பதை நிறுத்தவில்லை.

"எனக்குத் தெரியும்மா. அவன் அந்தத் துணியை உதறினப்பவே தெரியும்."

அவள் அங்கேயே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள்.

"தப்பு என்னோடது," என்றார் அவர். "மூணு வாரத்துல அவருக்கு முழுப் பூசையும் சொல்லிக் கொடுத்தேன். அலசறதைச் சொல்லல. நான் யோசிக்காமலே பண்ற வேலை அது. மறந்துட்டேன்."

"அன்னைக்குச் சதுக்கத்துல 'மன்னிச்சு விட்டுடுங்க'ன்னீங்களே சாமி."

"ஆமா."

"'அவன் பண்ணல'ன்னு ஏன் சொல்லல?"

"சொன்னா வேற யாருன்னு கேப்பாங்க. கையில துப்பாக்கி, சூடா இருந்தாங்க. உன்னை நிறுத்தியிருப்பாங்க அந்தச் சுவத்துல."

டெல்ஃபினா கீழே விழுந்திருந்த தோலைப் பொறுக்கி மேசைமேல் வைத்தாள். பிறகு, "அதுக்கப்புறம் இருபது வருஷம் துப்பாக்கி இல்லையே சாமி," என்றாள்.

அவர் கையிலிருந்த கஷ்கொட்டையைக் கீழே வைத்தார். அந்த வாக்கியம் அவரைவிடத் தன்மேல்தான் அதிகம் விழுந்தது என்றாள் என்னிடம். "நல்ல மனுஷன். என்னைக் காப்பாத்தத்தான் பண்ணினார். அதை நினைச்சாத்தான் எனக்கு எங்கயாவது போய் மூஞ்சியைப் புதைச்சுக்கலாம் போல இருக்கு."

பங்கு வீட்டிலிருந்து நேராகப் பிரீமோவின் வீட்டுக்கு ஏறினாள். கழுதை போய் இப்போது மூன்று சக்கர வண்டி. அதற்கு அடியில் படுத்திருந்தான். கால்கள் மட்டும் தெரிந்தன. அந்தக் கால்களைப் பார்த்துத்தான் முழுவதையும் சொன்னாளாம். முடிந்ததும் வெளியே வந்து கையைத் துடைத்துக்கொண்டான்.

"துணியா?" என்றான். "துணியாலயா?"

"ஆமா."

"அவரை வைக்கோலுக்கு அடியில படுக்க வச்சு மலைக்கு ஏத்திக்கிட்டு வந்தவன் நான். தெரியுமா உனக்கு? வழியெல்லாம் தும்மல். 'வாத்தியாரே, மூக்கைப் பிடிங்க'ன்னேன். 'எந்த மூக்கை, என்னோடதா கழுதையோடதா'ன்னு கேட்டார்."

டெல்ஃபினாவுக்கு இது புதிது. ஊரில் யாருக்குமே தெரியாது. தொன் எர்மேத்தேக்கு மட்டும் தெரிந்திருக்கும்.

"ஞாயித்துக்கிழமை கோயில்ல எல்லார் முன்னாடியும் சொல்றேன் பிரீமோ. உன் பேரும் கல்லுல ஏறணும்."

"வேண்டாம்! எல்லாரும் அழுவாங்க. அப்புறம் என்னைக் கட்டிப் பிடிப்பாங்க. இருபது வருஷம் தொடாத கை இப்ப என் மேல படக்கூடாது. என் பேரைக் கல்லுல போட்டா உளி எடுத்துட்டு வந்து நானே பேத்துடுவேன்."

"அப்ப நான் என்னதான் பண்ண?"

அவன் வண்டியில் சாய்ந்துகொண்டு சொன்னான். நாற்பத்தாறில் யோனாவின் தங்கை தூரினிலிருந்து வந்திருந்தாள். ஊர்க்காரர்கள் அவளுக்குக் கோயிலைக் காட்டினார்கள், அண்ணன் தங்கிய அறையைக் காட்டினார்கள், அப்புறம் சதுக்கத்தில் நின்ற பிரீமோவையும் காட்டினார்கள். அவள் அவனைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு பஸ்ஸில் ஏறினாள். ஊர் திருப்பிய முகமெல்லாம் அவனுக்குப் பழகிவிட்டதாம். அது ஒன்றுதான் பழகவில்லை.

"அவளுக்கு எழுது. வேற எவனுக்கும் சொல்ல வேண்டாம்."

டெல்ஃபினாவுக்கு எழுத வராது, கையெழுத்து மட்டும் போடுவாள். நான் எழுதினேன். ஆல்தா யோனா அவர்களுக்கு என்று ஆரம்பித்து, எனக்குத் தெரிந்த மரியாதையான வார்த்தைகளையெல்லாம் போட்டேன். 'நான் அறியாமல் சொன்ன ஒரு வார்த்தை' என்று எழுதியதைப் படித்துக் காட்டியதும் கையைத் தட்டி நிறுத்தினாள்.

"அறியாமத்தான் சொன்னேன். ஆனா சிரிக்க வைக்கணும்னு சொன்னேன். அதை எழுது."

எழுதினேன். பிரீமோ வைக்கோல் வண்டியில் அவரை ஏற்றி வந்ததை எழுதச் சொன்னாள், தும்மலையும் சேர்த்து. மன்னிப்பு என்ற வார்த்தையை நான் கடைசியில் போட்டிருந்தேன். அதை அடிக்கச் சொன்னாள். அடித்தல் தெரியும், வேறு தாளில் எழுதட்டுமா என்றேன். வேண்டாம், அப்படியே போகட்டும் என்று கையெழுத்துப் போட்டாள்.

கல் அந்த ஞாயிறு சுவரில் ஏறியது. டெல்ஃபினா போகவில்லை, காய்ச்சல் என்று சொல்லிவிட்டாள். பாண்டு வாத்தியம் முழங்க, மேயர் பேசினார். 'மன்னித்துவிடுங்கள்' என்று தொன் எர்மேத்தே துப்பாக்கி முன்னால் நின்றதை அவர் மறுபடி சொன்னபோது, முதல் வரிசையில் உட்கார்ந்திருந்த தொன் எர்மேத்தே எழுந்து, கைத்தடியைத் தட்டிக்கொண்டு கோயிலுக்குள் போய்விட்டார். கிழவருக்கு வெயில் ஒத்துக்கொள்ளவில்லை என்றார்கள். எங்கள் அப்பா கைதட்டிக்கொண்டிருந்தார். நான் அவர் பக்கத்தில் நின்றேன். பிரீமோவுக்கு டெல்ஃபினா கொடுத்த வாக்கு என் வாயையும் கட்டியிருந்தது. அது எனக்கு வசதியாகவும் இருந்தது.

மே கடைசியில் தூரினிலிருந்து பதில் வந்தது. டெல்ஃபினாவுக்கு இல்லை, பிரீமோவுக்கு. தபால்காரர் அந்த உறையை ஊர் முழுக்கக் காட்டிவிட்டுத்தான் கொண்டுபோய்க் கொடுத்தார். அவன் யாரிடமும் படித்துக் காட்டவில்லை. அடுத்த வெள்ளிக்கிழமை சலவை செய்த சட்டை போட்டுக்கொண்டு தூரின் பஸ்ஸில் ஏறினான். மூன்று நாள் கழித்து வந்தான். டெல்ஃபினாவைத் தெருவில் கண்டால் தலையை மட்டும் அசைப்பான்.

"என்ன எழுதியிருந்தாங்கன்னு கேட்டீங்களா?" என்றேன் அவளிடம்.

"எனக்கு வந்த கடுதாசி இல்லையே அது," என்றாள்.

தனக்கும் ஒன்று வரும் என்று அவள் எதிர்பார்க்கிறாளா என்று நான் கேட்கவில்லை. தபால்காரர் மேலே ஏறி வரும் நேரத்தில் அவள் வாசலில் நிற்பதில்லை. உள்ளே இருக்கிறாள், கதவைச் சாத்திக்கொண்டு.

அந்தக் கடிதம் வந்து இப்போது ஆறு மாதம் ஆகிறது. பிரீமோ போன வாரம் இறந்துபோனான். சவ ஊர்வலத்துக்கு ஊர் வந்தது, ஆனால் பெட்டியைத் தூக்கத் தூரினிலிருந்து வந்த யோனா வீட்டு ஆட்கள் இரண்டு பேரைத் தவிர யாரும் முன்வரவில்லை. வாக்கு அவனோடு போய்விட்டது என்று டெல்ஃபினா சொல்கிறாள். அதனால்தான் இதை எழுதச் சொன்னாள். அவளுடைய பெயரை மாற்றாமல் எழுதச் சொன்னாள்.